திராட்சைத் தொட்டி

"காலைப் புடிங்க நங்கையா, காலை! தலைப்பக்கம் நான் பாத்துக்கறேன்."

சிவசுப்பிரமணியம் அண்ணியைப் பார்த்துக் கத்தினான். கத்திய கையோடு வாயையும் மூடிக்கொண்டான். கணியூர் ரோட்டிலிருந்து தோட்டத்துக்கு வரும் இட்டேரிக்குள் கார் திரும்பும் சத்தம் கேட்டுவிட்டது.

வேலாத்தாள் புருஷனுடைய இரண்டு கணுக்கால்களையும் சேர்த்துப் பிடித்துத் தூக்கினாள். மனுஷன் என்ன கனம் கனத்தார்! வேட்டியெல்லாம் திராட்சைச் சாறு. பனியன் கருஞ்சிவப்பாகி நெஞ்சோடு ஒட்டிக் கிடந்தது. தலை ஒரு பக்கமாகத் தொங்கியது. வாயோரத்தில் ஒரு திராட்சைத் தோல் ஒட்டியிருந்தது. குப்பென்று சாராய வாடை அடித்தது.

"குடிச்சிருக்காரு," என்றாள். "இன்னைக்குன்னு பாத்துக் குடிச்சிருக்காருங்க."

சிவசுப்பிரமணியம் தலைப்பக்கத்தைத் தூக்கிப் பிடித்தான். அவனுக்கே தலை சுற்றிக்கொண்டிருந்தது. தொட்டிக்குள் குனிந்து அண்ணனின் கக்கத்தில் கைகொடுத்து இழுத்தபோது நெற்றி கிறுகிறுவென்று வந்து கண் இருட்டி, விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றுதான் தெளிந்திருந்தான்.

"வாசத்துக்கே எனக்கு இப்பிடி ஏறுதே, குடிச்சவருக்கு எப்பிடி இருக்கும்?" என்றான் மூச்சு வாங்க. அவன் சொன்னது சரியென்றுதான் வேலாத்தாளுக்கும் பட்டது.

வீட்டுக்குப் பின்னால் பொடக்காளி வழியாகத் தூக்கிக்கொண்டு போய், பருத்தி மூட்டை போடும் உள்ளறையில் மல்லாக்கக் கிடத்தினார்கள். தலைக்கு ஒரு காலிச் சாக்கை மடித்து வைத்தாள். அவர் தொண்டைக்குள்ளிருந்து குர்ரென்று ஒரு இழுப்பு வந்தது. சற்று நேரம் ஒன்றும் இல்லை. மறுபடி ஒரு இழுப்பு.

"குறட்டை உடறாரு பாருங்க. தூங்கட்டும், தெளிஞ்சிரும்," என்றான் சிவசுப்பிரமணியம்.

"தெளியட்டும். அப்பறம் இருக்குது அவருக்கு."

வேலாத்தாள் கதவைச் சாத்தி நாதாங்கியைப் போட்டாள். சேலையில் பட்ட சாற்றுக் கறையை மடிப்புக்குள் மறைத்துச் சொருகிக்கொண்டு, முகத்தைத் துடைத்து, சிரித்தபடி வாசலுக்குப் போனாள். மகள் மருதம்மாளைப் பெண் பார்க்க வெள்ளகோவிலிலிருந்து மாப்பிள்ளை வீட்டு ஒறம்பரை வந்து இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

குடிகாரன் எப்படி இருப்பான் என்று அந்த வீட்டில் யாருக்குத் தெரியும்? சர்க்கார் மதுவிலக்குப் போட்டே பதினேழு வருஷம் ஆகிவிட்டது. அதற்கு முந்தியும் வேலாத்தாளின் அப்பன் வீட்டிலோ மாமனார் வீட்டிலோ ஒருத்தரும் தொட்டது கிடையாது. கள்ளச்சாராயம் குடித்துவிட்டுச் சந்தையில் ஆடிக்கொண்டு போகிறவனை முக்காட்டுக்குள்ளிருந்து ஒருமுறையோ இரண்டுமுறையோ பார்த்திருப்பாள். அவன் விழுந்த பிறகு எப்படிக் கிடப்பான், எப்படி மூச்சு விடுவான் என்றெல்லாம் அவளுக்குத் தெரிய வழியில்லை.

அவள் புருஷன் ஆறுமுகசாமியின் கதையே வேறு. வருஷா வருஷம் தைப்பூசத்துக்குக் காவடி எடுத்துப் பழனிக்கு நடக்கிற மனுஷன், ஒயின் செய்கிறவராக ஆனது ஒரு கூத்து. அமராவதி வாய்க்கால் தண்ணீர் வந்த பிறகு ஒண்ணரை ஏக்கரில் கல்லுக்கால் நட்டு, கம்பி இழுத்து, பன்னீர் திராட்சைக் கொடி விட்டார். சீமை உப்பு உரம் ஒரு பிடி போடமாட்டார். ஆட்டுப்பட்டி போடுவார், ஆவாரந்தழை மிதிப்பார், வேப்பம் புண்ணாக்கு இடிப்பார். "கொடி நம்ம கொழந்தை மாதிரி, அதுக்கு விஷத்தைக் குடுக்கறதா?" என்பார். பக்கத்துத் தோட்டத்துக்காரர்கள் சிரித்தார்கள். எப்படியோ அந்தச் சேதி கோயமுத்தூரில் ஒரு பாதிரியார் காதுக்குப் போய்விட்டது. பூசைக்கு வைக்கும் ஒயினில் வேறெதுவும் கலக்கக் கூடாதாம். மருந்து படாத பழம்தான் வேண்டும் என்று தேடிக்கொண்டிருந்தவர் நேரே தோட்டத்துக்கே வந்துவிட்டார். சர்க்காரில் பர்மிட்டு அவர்களே வாங்கிக் கொடுத்தார்கள். அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டு முருகர் படத்துக்குப் பக்கத்தில் மாட்டியிருந்தார்.

பழத்தை மிதித்து நொதிக்க விட்டால் அது தானே கொதிக்கும். ஆறுமுகசாமி காதைத் தாழியோரத்தில் வைத்துக் கேட்டே பக்குவம் சொல்லுவார். ருசி பார்க்க வேண்டி வந்தால் விரல் நுனியில் தொட்டு நாக்கில் வைத்து, உடனே துப்பிவிட்டு, வாய் கொப்புளித்து விபூதி பூசிக்கொள்வார். ரசம் வடித்த பிறகு மிஞ்சும் தோலும் கொட்டையும்தான் சக்கை. அதையும் வீணாக்கமாட்டார். எருமைக்குத் தவிட்டோடு கொஞ்சம், புளிக்க வைத்துக் காடியாக்கி ஊறுகாய்க்காரர்களுக்குக் கொஞ்சம், மிச்சமெல்லாம் சாணத்தோடு மக்க வைத்துத் திரும்பக் கொடிக்கே எருவாகும்.

இத்தனை வருஷம் பெரிய மண்தாழிகளில்தான் செய்துகொண்டிருந்தார். இந்த ஆவணி அறுப்புக்குத்தான் சிமெண்டுத் தொட்டி கட்டினார். திருப்பூர் சலவைப்பட்டறைகளில் பனியன் துணியை வெளுக்கக் கட்டுவார்களே, அதே கொத்தனார், அதே அளவு. உள்ளே இறங்கி நின்றால் கழுத்து வரை வரும். சிவசுப்பிரமணியம்தான் ஆளைக் கூட்டிவந்தான். அவன் அங்கே ஒரு பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர்.

நேற்றுத்தான் ரசத்தை வடித்து ஜாடிகளில் அடைத்திருந்தார்கள். சக்கை இரண்டு மூன்று நாள் அப்படியே கிடக்கட்டும், ஆறினால்தான் அள்ள லேசாக இருக்கும் என்று ஆறுமுகசாமி சொன்னார். வேலாத்தாள்தான் கேட்கவில்லை. வரப்போகிறவர்கள் ரொம்ப ஆசாரமான குடும்பம். திராட்சைத் தோட்டம் என்றதுமே, சாராயம் காய்ச்சுகிறவர்களா என்று தரகரிடம் ரெண்டு தரம் கேட்டார்களாம். அவர் கற்பூரம் அடிக்காத குறையாகச் சத்தியம் பண்ணிச் சம்மதிக்க வைத்திருந்தார்.

"ஆளுங்க வந்து எறங்கறதுக்குள்ள அந்தக் கருமத்தை அள்ளிக் கொண்டுபோய் எங்கியாச்சும் கொட்டுங்க. ஊடு பூரா சாராய நாத்தம்," என்று விடிந்ததிலிருந்து நச்சரித்தாள்.

"ஆவட்டும் சாமி, ஆவட்டும்," என்று அவரும் கூடையை எடுத்துக்கொண்டு போனார். அரைமணி நேரம் கழித்துச் சட்டை போட்டுக்கொள்ளக் கூப்பிடப் போன சிவசுப்பிரமணியம், தொட்டிக்குள் சக்கை மேல் அண்ணன் சரிந்து கிடப்பதைப் பார்த்தான்.

முன்கட்டு ஆசாரத்தில் ஜமுக்காளம் விரித்திருந்தது. மாப்பிள்ளையின் அம்மா கண்ணம்மாளும், அப்பா சென்னியப்பனும், கூட மூன்று பேரும் உட்கார்ந்தார்கள். மாப்பிள்ளைக்குக் கம்பெனியில் ஆர்டர் அவசரம், வரவில்லை. கண்ணம்மாள் கனத்த உடம்பு, வெள்ளைக்கல் மூக்குத்தி, எதைச் சொன்னாலும் முதலில் சிரித்துவிட்டுச் சொல்கிறவள்.

"உங்க ஊட்டுக்காரர் எங்கீங்க?" என்றார் சென்னியப்பன், செம்பை வாங்கிக்கொண்டே.

வேலாத்தாள் ஜமுக்காளத்தின் ஓரத்தை இழுத்துவிட்டாள். "உடுமலைக்குப் போயிருக்காருங்க. கோயமுத்தூர் பாதிரியாரு அங்க வந்திருக்காராம், அவசரமா வரச்சொல்லிட்டாருங்க. எவ்வளவோ சொல்லிப் பாத்தனுங்க."

"அட, அதுக்கென்னுங்க. தொழில்னா அப்பிடித்தானுங்க."

மருதம்மாள் வந்து கும்பிட்டு உட்கார்ந்தாள். இலை போட்டார்கள். கேசரி, இட்லி, தேங்காய்ச் சட்னி. எல்லாரும் வாயை அசைக்க ஆரம்பித்து வீடு அமைதியான நேரம் பார்த்து, உள்ளறைக்குள்ளிருந்து வந்தது அந்தச் சத்தம்.

குர்ர்ர்.

வேலாத்தாள் கையிலிருந்த கரண்டியைப் பாத்திரத்தில் டங்கென்று போட்டாள். "சட்னி உடட்டுங்களா? இன்னும் ரெண்டு இட்லி வெச்சுக்குங்க," என்று இரைந்தாள். சிவசுப்பிரமணியம் சம்பந்தமே இல்லாமல் திருப்பூரில் நூல் விலை பற்றிப் பேசத் தொடங்கினான். மறுபடி ஒரு இழுப்பு. இந்த முறை நீளமாக, கடைசியில் ஒரு விக்கல் மாதிரி. கண்ணம்மாள் இலையிலிருந்து தலையைத் தூக்கி உள்ளறைக் கதவைப் பார்த்தாள், பிறகு வேலாத்தாளைப் பார்த்தாள், சிரித்தாள்.

"பொடக்காளியில எருமைங்க," என்றாள் வேலாத்தாள். "கன்னு போட்டிருக்குது."

பாவி, ஒரு பொய்க்கு மேல் இன்னொரு பொய்! முருகா, இந்த மனுஷன் வாயை அடைச்சிரு, இன்னும் கால்மணி நேரம் அடைச்சிரு, உனக்குப் பால் ஊத்தறேன் என்று உள்ளுக்குள் கும்பிட்டாள். நிஜமாகவே கும்பிட்டாள். பாயசச் சட்டியை எடுத்துக்கொண்டு வந்து சென்னியப்பனுக்கு ஊற்றினாள், கண்ணம்மாளுக்கு ஊற்றினாள், காதெல்லாம் அந்தக் கதவில்தான் இருந்தது. சத்தம் வரவில்லை. இன்னொரு தம்ளர் ஊற்றினாள். வரவில்லை. பந்தியில் அடுத்தவரிடம் நகர்ந்தபோது நின்றுவிட்டது என்று தெரிந்து, அப்பாடா என்று இருந்தது அவளுக்கு. தோளெல்லாம் லேசாகிப்போனது. அதற்கப்புறம்தான் அவள் நிஜமாகச் சிரித்தாள்.

"பொண்ணை எங்களுக்குப் புடிச்சிருக்குதுங்க," என்றாள் கண்ணம்மாள், கை கழுவி வந்து வெற்றிலையை எடுத்துக்கொண்டு. "அவுங்க அப்பாரு வந்ததும் ஒரு நாளைப் பாத்துச் சொல்லி உடுங்க. தட்டு மாத்திக்கலாம்."

மருதம்மாள் தலையைக் குனிந்துகொண்டு அடுக்களைக்குள் ஓடினாள். சிவசுப்பிரமணியத்தின் முகத்தில் இத்தனை பல் இருப்பது வேலாத்தாளுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

ஆண்கள் கொடிப்பந்தலைப் பார்க்க வேண்டும் என்று வாசலுக்குப் போனார்கள். அந்த இடைவெளியில் வேலாத்தாள் ஒரு செம்பு நீர்மோரில் எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து எடுத்துக்கொண்டு உள்ளறைக்குள் நுழைந்து, கதவைத் தன் முதுகால் சாத்தினாள். ஜன்னல் இல்லாத அறை. சாற்று வாடை சுவரெல்லாம் ஏறியிருந்தது.

"சந்தோசந்தானுங்க உங்களுக்கு?" என்றாள் அடிக்குரலில். "பொண்ணைப் புடிச்சுப்போச்சாம். அப்பன் எங்கீன்னு கேட்டாங்க. உடுமலைன்னேன். நாக்குக் கூசாமச் சொன்னேன். காவடி எடுக்கற ஆளு பாருங்க! ஊருக்கெல்லாம் விபூதி, உள்ளுக்குள்ள இது. இத்தனை வருசமா என்னை ஏமாத்திட்டு இருந்தீங்களா? துப்பறேன் துப்பறேன்னு முழுங்கிட்டு இருந்தீங்களாக்கு? பேச வேண்டாம். நீங்க ஒண்ணும் பேச வேண்டாம். எம் புள்ளை வாழ்க்கையில மண்ணள்ளிப் போடப் பாத்தீங்களே, இனி எந்த மூஞ்சியை வெச்சுட்டு அவ கண்ணாலத்துக்கு வந்து நிப்பீங்க?"

அவர் ஒன்றும் பேசவில்லை. எப்போதும் அவர் அப்படித்தான், அவள் பேசி முடிக்கும்வரை பொறுத்திருப்பார். இரைச்சல் அடங்கிய பிறகு அவளுக்கே கொஞ்சம் பாவமாகப் போயிற்று. விடியக் கருக்கலில் எழுந்து ஒன்றும் சாப்பிடாமல் கூடையைத் தூக்கிக்கொண்டு போன மனுஷன்.

"செரி, இந்த மோரைக் குடிங்க. அவுங்க போறதுக்குள்ள எந்திரிச்சுக் குளிச்சுப்போட்டு, உடுமலையில இருந்து வந்த மாதிரி முன்வாசல்ல வாங்க."

கழுத்துக்கடியில் கைகொடுத்துத் தூக்கிச் செம்பை வாயில் வைத்தாள். மோர் உள்ளே போகவில்லை. நிரம்பி, இரண்டு பக்கமும் வழிந்து அவள் கையில் ஊற்றியது. காதோரம் விரலில் பட்டது. ஜில்லென்று இருந்தது. அவள் செம்பைக் கீழே வைத்தாள். வழிந்த மோரை முந்தானையால் துடைத்தாள். தாடையைத் துடைத்தாள், கழுத்தைத் துடைத்தாள், விலகிக் கிடந்த வேட்டியை இழுத்து முழங்காலை மூடினாள். பிறகு எழுந்து வெளியே போய், வெற்றிலை மென்றுகொண்டிருந்த கண்ணம்மாளுக்கு முன்னால் நின்றாள்.

"மோர் குடிக்க மாட்டேங்கறாருங்க," என்றாள்.

"ஆருங்க?"

"அவருங்க. உள்ள படுத்திருக்காருங்க. மோர் குடுத்தேன், குடிக்க மாட்டேங்கறாருங்க."

கண்ணம்மாள்தான் முதலில் உள்ளே ஓடினாள். அந்த உடம்பை வைத்துக்கொண்டு எப்படி அத்தனை வேகமாக ஓடினாளோ! அவள் போட்ட கூச்சலில் ஆண்கள் பந்தலிலிருந்து ஓடிவந்தார்கள்.

கணியூரிலிருந்து கம்பவுண்டர் சைக்கிளில் வந்தார். கண்ணிமையைத் தூக்கிப் பார்த்தார், நாடியைப் பார்த்தார், மூக்கை உறிஞ்சினார். "உசுரு போயி முக்கால் மணி நேரம் இருக்கும்," என்றார். வாசலுக்கு வந்து செருப்பை மாட்டிக்கொண்டே, "பழக்கமில்லாத ஒடம்பு. அளவு மீறிப்போச்சுங்க," என்று சிவசுப்பிரமணியத்தின் காதில் சொல்லிவிட்டுப் போனார். காதில் சொன்னதுதான். அடுத்த கால்மணி நேரத்தில் வாசலில் கூடிய அத்தனை பேர் காதிலும் அது இருந்தது. வந்து அழுத பெண்கள் உள்ளே குனிந்து மூக்கைச் சுளித்துக்கொண்டு வெளியே வந்தார்கள். காவடி எடுத்த மனுசனா, அடப்பாவமே, பர்மிட்டு கையில இருந்தா ஆருக்குத்தான் ஆசை வராது, பொண்ணு பாக்க வந்த அன்னைக்கா என்று பேச்சு வளர்ந்துகொண்டே போயிற்று. வேலாத்தாள் கூடத்துத் தூணில் சாய்ந்து உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டாள். அவளுக்கு இன்னும் அழுகை வரவில்லை. குடித்துச் செத்தான் என்ற பேரோடு அவரை எடுத்துக்கொண்டு போகப் போகிறார்கள், மகளும் அந்தப் பேரோடுதான் இனி வாழவேண்டும் என்பது மட்டும் மண்டைக்குள் நின்றது.

சிவசுப்பிரமணியம் வந்து பக்கத்தில் குந்தினான். "மாரடைப்புன்னு சொல்லிக்கலாம் நங்கையா. வெரசா எடுத்துரலாம். போலீசு, பர்மிட்டுன்னு போனா நாம தாங்க மாட்டோம்."

"ஆரு நம்புவாங்க?"

வாசலில் சென்னியப்பன், "நாம கெளம்பலாம்," என்று மனைவியிடம் சொல்வது கேட்டது. அவர் அந்த வீட்டில் குடித்த தண்ணீரைக்கூடத் துப்பிவிடுவார் போலிருந்தது. "பொய் சொல்லி எலை போட்ட ஊடு. எருமையாம்ல!"

"எழவு ஊட்டை உட்டுட்டு எங்கீங்க போறது? சித்தப் பொறுங்க," என்றாள் கண்ணம்மாள்.

அந்த நேரத்தில்தான் வீரன் வந்தான். சுற்றுவட்டாரத்தில் கிணறு தோண்டுவதும் தூர் எடுப்பதும் அவன்தான். இந்தத் தோட்டத்துக் கிணறும் அவன் வெட்டியதுதான். வந்தவன் அழவில்லை. முண்டாசை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, கிடத்தியிருந்த உடம்பை உற்றுப் பார்த்தான்.

"எங்கீங்க உழுந்து கெடந்தாரு?"

"தொட்டிக்குள்ள," என்றான் சிவசுப்பிரமணியம்.

"சாமி கோவிச்சுக்கக் கூடாது. குனிஞ்சு தூக்குனப்ப உங்குளுக்கு ஏதாச்சும் ஆச்சுங்களா?"

"தலை சுத்துச்சு. சாராய வாடை."

வீரன் தொட்டி இருந்த கொட்டகைக்கு நடந்தான். நாலு பேர் பின்னால் போனார்கள். வேலாத்தாளும் எழுந்து போனாள், யாரும் தடுக்கவில்லை. அவன் தொட்டிக்குள் குனியவே இல்லை. தள்ளி நின்று எட்டிப் பார்த்தான். பாதி அள்ளின சக்கையும் கவிழ்ந்த கூடையும் கிடந்தன. அந்தச் சக்கை மேல் ஈக்கள் கொத்துக் கொத்தாகச் செத்துக் கிடந்தன.

"ஒரு லாந்தரு கொண்டாங்க. கயிறும்."

பட்டப்பகலில் லாந்தரை ஏற்றிக் கயிற்றில் கட்டி உள்ளே இறக்கினான். நெஞ்சளவு வரைக்கும் எரிந்தது. அதற்குக் கீழே ஒரு சாண் போனதும் சுடர் சுருங்கிற்று, நீலமாயிற்று, யாரோ ஊதினதுபோல் அணைந்தது. தூக்கி மறுபடி ஏற்றி இறக்கினான். மறுபடி அதே இடத்தில் அணைந்தது.

"கெட்ட காத்துங்க," என்றான். "பாழுங் கெணத்துல நிக்குமே, அதேதானுங்க. வெளக்கு அணைஞ்சா நாங்க எறங்கமாட்டோம். நின்னுட்டு இருந்த வரைக்கும் இவுருக்கு ஒண்ணுமில்லீங்க, தலை அந்தக் காத்துக்கு மேல இருந்துச்சு. அள்ளக் குனிஞ்சிருக்காரு. குனிஞ்சவரு அப்பிடியே சாஞ்சிருக்காரு. ஒரு சொட்டு உள்ள போயிருக்காதுங்க. கெணத்துக்கு வெளக்கு எறக்கறவங்களுக்கே ஒரு தொட்டிக்கு எறக்கோணும்னு தோணாதுங்களே, இவுருக்கு எப்பிடிங்க தோணும்?"

"இங்க குடு," என்றாள் வேலாத்தாள்.

லாந்தரை வாங்கி அவளே ஏற்றினாள். கொட்டகை வாசலில் நின்ற கூட்டத்தைப் பார்த்து, "எல்லாரும் வந்து பாருங்க. நல்லாப் பாருங்க," என்று சத்தமாகக் கூப்பிட்டாள். மூக்கைச் சுளித்த பெண்கள் வந்தார்கள். சென்னியப்பன் வந்தார். கயிற்றை விட்டு விட்டு இறக்கினாள். சுடர் அணைந்தது. "எங்க ஊட்டுக்காரரு குடிக்கலீங்க," என்றாள். அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது. வந்தது பாருங்கள், கொட்டகையே அதிர்ந்தது. கூட இருந்த பெண்கள் எல்லாரும் சேர்ந்துகொண்டார்கள். இப்போதுதான் அது ஒழுங்கான எழவு வீடாயிற்று.

வீரன் கண்ணைத் துடைத்துக்கொண்டு யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்தான். "எங்கப்பனும் ஒருக்கா இப்பிடித்தானுங்க உழுந்தாரு, தாராபுரத்துப் பக்கம் ஒரு கெணத்துல. மேல தூக்கி வேப்பமரத்துக்கடியில காத்தோட்டமாப் போட்டோம். குர்ரு குர்ருன்னு விட்டு விட்டு இழுத்துட்டுக் கெடந்தாரு. நெஞ்சை அமுக்கி அமுக்கி உட்டுட்டே இருந்தோம். பொழுது சாயறதுக்குள்ள எந்திரிச்சு உக்காந்து கஞ்சி கேட்டாருங்க."

வேலாத்தாளின் அழுகை நின்றுபோயிற்று. வாய் திறந்தபடியே இருந்தது.

சிவசுப்பிரமணியத்தின் முகம் வெளுத்துவிட்டது. அவசரமாக முன்னால் வந்தான். "அண்ணன் தொட்டிக்குள்ளயே போயிட்டாருங்க. நாங்க தூக்கறப்பவே உசுரு இல்லீங்க. இல்லீங்களா நங்கையா?"

எல்லாரும் அவளைப் பார்த்தார்கள். மருதம்மாளும் பார்த்தாள். பெண் பார்க்க உடுத்தின பச்சைச் சேலை, தலையில் கனகாம்பரம். ஆமா என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அவருக்கும் கெட்ட பேர் இல்லை, தனக்கும் இல்லை. கம்பவுண்டர் சொன்ன முக்கால் மணி நேரத்தை யார் இனிக் கணக்குப் பார்க்கப் போகிறார்கள்? கொழுந்தனின் கண் அவளைக் கெஞ்சியது.

"இல்லீங்க," என்றாள். "குறட்டை உட்டாரு. நாங்க தூக்கறப்ப உசுரு இருந்துச்சு. குடிச்சுட்டாருன்னு நெனச்சு நாந்தான் உள்ள போட்டுக் கதவைச் சாத்துனேன். ஜன்னல் இல்லாத ரூம்புல. சத்தம் நின்னப்ப அப்பாடான்னு இருந்துச்சு எனக்கு. பாயசம் ஊத்திட்டு இருந்தேன்."

சிவசுப்பிரமணியம் தொட்டிச் சுவரில் தலையை முட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். மருதம்மாள் அம்மாவையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு திரும்பி வீட்டுக்குள் போய், அப்பனின் காலடியில் உட்கார்ந்து, அந்தச் சாறு காய்ந்த பாதங்களை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள்.

மத்தியானத்துக்கு மேல் குளிப்பாட்டினார்கள். வாய்க்காலில் நீர்மாலை எடுத்துவந்து குடம் குடமாக ஊற்றியும் நகக்கண்ணில் இருந்த சிவப்பு போகவில்லை. வேலாத்தாளின் பிறந்த வீட்டுக் கோடித்துணி போர்த்தியாயிற்று. வாய்க்கரிசிக்குப் பெண்கள் ஒவ்வொருவராகப் போனார்கள். போனவர்கள் அவள் பக்கம் திரும்பிப் பார்க்காமல் தாண்டினார்கள். அவளும் போய் ஒரு பிடி போட்டாள். ஈர அரிசி உள்ளங்கையோடு ஒட்டிக்கொண்டது. அப்படியே கையை விரித்து வைத்துக்கொண்டு வந்து சுவரோரம் உட்கார்ந்தாள். அவளைச் சுற்றி ஒரு ஆள் உட்காரும் அளவுக்கு இடம் காலியாகவே கிடந்தது.

அந்த இடத்தில் வந்து உட்கார்ந்தாள் கண்ணம்மாள். உட்காரக் கஷ்டப்பட்டு, சுவரைப் பிடித்து, மெதுவாக இறங்கி உட்கார்ந்தாள்.

"நானுங் கேட்டேன் அம்மிணி," என்றாள் பிறகு, வேறு யாருக்கும் கேட்காத குரலில். "எருமையில்லைன்னு தெரியும். உங்க ஊட்டுக்காரருதான், எங்களைப் பாக்கக் கூச்சப்பட்டுட்டு உள்ள படுத்துத் தூங்கறாருன்னு நெனச்சேன். கதவைத் தொறந்து அவரை எழுப்பி உடுங்கன்னு வாய் வரைக்கும் வந்துச்சு. உங்குளுக்குச் சங்கடமாப் போயிருமேன்னு சிரிச்சுப்போட்டுச் சாப்பிட்டேன்."

வேலாத்தாள் அவளைத் திரும்பிப் பார்த்தாள்.

இட்டேரியில் கார்க்காரன் ஹாரன் அடித்தான். சென்னியப்பன் வாசலில் வந்து நின்று, உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, திரும்பிப் போனார். கண்ணம்மாள் எழுந்திருக்கவில்லை. வேலாத்தாளின் கையை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு, உள்ளங்கையில் ஒட்டியிருந்த அரிசியை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டிருந்தாள்.